ஐயோ என்னும் ஒரு சொல்

ஸ்ரீமதே ராமாநுஜாய நம:

கோபத்தை விடு என்று சாஸ்திரம் சொல்கிறது. கண்முன் அநியாயம் நடக்கையில் கோபப்படாதவன் மனிதனா என்று உலகம் கேட்கிறது. இவ்விரண்டுக்கும் நடுவே ஒரு ஸ்ரீவைஷ்ணவன் எங்கே நிற்பது? இது எக்காலத்திலும் உள்ள கேள்வி. ஆயினும் கைப்பேசி கைக்கு வந்த பிறகு, நாளுக்குப் பத்துமுறை நம்மை எதிர்கொள்ளும் கேள்வியாகிவிட்டது. காலையில் திருவாராதனம் முடிந்து முகநூலையோ வாட்ஸ்அப்பையோ திறந்த சில நிமிடங்களுக்குள் யாரோ ஒருவர்மீது நமக்குக் கோபம் வந்துவிடுகிறது. பெரும்பாலும் அவரை நாம் நேரில் கண்டதுகூட இல்லை.

கோபத்தை அடியோடு ஒழிக்கும் வழியை ஆராய்வது இக்கட்டுரையின் நோக்கமன்று. அது யோகிகளுக்குரியது. கோபம் வந்த பின்னும் நம் ஸ்வரூபத்தை இழக்காமல் இருப்பதற்கு நம் பூர்வாசார்யர்கள் ஓர் அளவுகோலைத் தந்திருக்கிறார்கள். அதைச் சிந்திப்பதே நோக்கம்.

தூத்துக்குடி வட்டாரத்தில் வாழ்பவர்களுக்கு இது வெறும் வேதாந்த விசாரமன்று. 2018 மே 22 அன்று, ஸ்டெர்லைட் தாமிர உருக்காலையை மூடக் கோரிய போராட்டத்தின் நூறாம் நாளில், மாவட்ட ஆட்சியர் அலுவலகம் நோக்கி மக்கள் ஊர்வலமாகச் சென்றனர். அன்றும் மறுநாளும் நடந்த துப்பாக்கிச் சூட்டில் 13 பேர் உயிரிழந்தனர். காவலர் ஒருவர் வாகனத்தின் மேலேறிக் குறிபார்க்கும் காணொளி அன்றே நாடெங்கும் பரவிற்று. மே 23-இல் தூத்துக்குடி, திருநெல்வேலி, கன்னியாகுமரி ஆகிய மூன்று மாவட்டங்களுக்கும் இணையத்தை நிறுத்தி ஐந்து நாள்களுக்கான அரசாணை வந்தது. மே 28-இல் ஆலையை நிரந்தரமாக மூடும் ஆணை பிறந்தது.

அந்த நாள்களில் இணையம் இருந்த ஊர்களில் எழுதப்பட்டவற்றைப் பின்னர் படித்தவர்களுக்கு ஓர் உண்மை புலப்பட்டிருக்கும். நியாயமான துயரமும் நியாயமான கோபமும் அங்கே நிறைய இருந்தன. அவற்றின் பக்கத்திலேயே வேறொன்றும் இருந்தது. இறந்தவர்களைப் பழித்து, அவர்களுக்கு இது தகும் என்று எழுதினவர்கள் இருந்தார்கள். அதற்கு மறுமொழியாக, காவலர்களின் வீட்டுப் பிள்ளைகளும் சாகட்டும் என்று எழுதினவர்களும் இருந்தார்கள். எதிரெதிர்த் தரப்பில் நின்ற இருவர் நெஞ்சிலும் ஒரே சொல்தான் ஓடியது: ‘வேண்டும்.’

இவ்விடத்தில்தான் குருகூர்ப் பிரான் நம் துணைக்கு வருகிறார். தூத்துக்குடியிலிருந்து திருச்செந்தூர்ச் சாலையில் சென்று மேற்கே திரும்பினால், தாமிரபரணிக் கரையில் ஆழ்வார்திருநகரி. திருப்புளியாழ்வார் அடியில் பதினாறு ஆண்டுகள் வாய்திறவாது எழுந்தருளியிருந்ததாக ஸம்ப்ரதாயம் சொல்லும் நம்மாழ்வார், உலகைப் பாராமல் இருந்தவர் அல்லர். திருவாய்மொழியின் நான்காம் பத்து, ஒன்பதாம் திருவாய்மொழியில் அவர் உலகியற்கையைக் கண்டு துடிக்கிறார். ஒருவனுக்கு ஆபத்து வந்தால் வேண்டாதவர் முகத்தில் சிரிப்பு அரும்புகிறது, உறவினர் உருகி அழுகிறார்கள், இது என்ன இயல்பு என்று எம்பெருமானிடமே முறையிடுகிறார். இந்த உலகைக் காணாதபடி என்னை விரைவில் உன் திருவடியில் சேர்த்துக்கொள் என்று வேண்டுகிறார்.

ஒருவரின் வீழ்ச்சியைக் கண்டு ஒரு கூட்டம் சிரிக்கும், ஒரு கூட்டம் அழும். இன்று நம் கைப்பேசித் திரையில் ஒரு மரணச் செய்தியின் கீழே சிரிக்கும் முகமும் அழும் முகமும் அடுத்தடுத்து நிற்கின்றன. ஆழ்வார் காண மாட்டேன் என்று கண்ணை மூட விரும்பிய காட்சி அதுவே. அவர் சிரித்தவர்களைச் சபிக்கவில்லை என்பது கவனிக்கத்தக்கது. அவர்களுடைய இயல்பும் அவருக்குத் துயரமாகவே பட்டது.

நஞ்சீயர் பலகாலும் அருளிச்செய்ததாக நம் பெரியோர் வழங்கும் வார்த்தை ஒன்றுண்டு. ஒருவன் வைஷ்ணவனா அல்லவா என்பதை அவன் பிறரிடம் கேட்டறிய வேண்டியதில்லை. அது அவனுக்கே தெரியும். பிறருக்கு வந்த கேட்டைக் கண்டு நெஞ்சு ‘ஐயோ’ என்று இரங்கினால், எம்பெருமானோடு தனக்குச் சம்பந்தம் உண்டு என்று தேறியிருக்கலாம். ‘இவனுக்கு இது வேண்டும்’ என்று தோன்றினால், அந்தச் சம்பந்தம் தனக்கு இல்லை என்று அறிந்துகொள்ளலாம். இதுதான் அவர் வார்த்தையின் கருத்து.

இந்த அளவுகோலின் அருமை அதன் அந்தரங்கத்தில் இருக்கிறது. திருமண்காப்பும் திருவிலச்சினையும் பிறர் கண்ணுக்குத் தெரியும். சேவாகால கோஷ்டியில் நின்று பாசுரம் சொல்வது பிறர் காதுக்குக் கேட்கும். எதிராளி வீழ்ந்த செய்தி வரும் கணத்தில் நெஞ்சில் முதலில் எழும் சொல் எது என்பது நமக்கும் அந்தர்யாமிக்கும் மட்டுமே தெரியும். சமூக ஊடகம் அந்தக் கணத்தை ஒருநாளில் பலமுறை உண்டாக்குகிறது. ஆகவே நஞ்சீயரின் சோதனையும் ஒருநாளில் பலமுறை நிகழ்கிறது.

இனி, இரண்டு எளிய விடைகளை ஆராய்வோம்.

முதல் விடை, கைப்பேசியை அணைத்து வைத்துவிடு என்பது. ஓரளவு நல்ல யோசனைதான். ஆனால் 2018 மே மாதத்தில் இணையமே இல்லாத நாள்களிலும் இந்த நகரில் கோபம் இல்லாமல் போகவில்லை. செய்தி இல்லாத இடத்தில் வதந்தி புகுந்தது. கோபத்தின் விதை கருவியில் இல்லை என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டா. மேலும், அந்தக் காணொளிகள் பரவியிராவிட்டால் அங்கு நடந்தது பலருக்குத் தெரிந்தே இராது. கண்ணை மூடிக்கொள்வது சில வேளைகளில் வைராக்யம் போலத் தோன்றும். உண்மையில் அது பிறர் துன்பத்தைக் காணாதிருக்கும் சௌகர்யமாக இருக்கக்கூடும். ‘ஐயோ’ என்று சொல்லுமுன் முதலில் பார்க்க வேண்டும் அல்லவா?

இரண்டாம் விடை, தர்மத்துக்காகக் கோபப்படுவது தர்மமே, ஆகவே தயங்காதே என்பது. இதற்கு ஆதாரமாகச் சக்கரவர்த்தித் திருமகனின் சீற்றத்தைச் சொல்வார்கள். தன்மேல் அம்பு பட்டபோது பொறுத்திருந்த பெருமாள், திருவடியின்மேல், அதாவது அனுமன்மேல், ராவணனின் அம்பு பட்டது கண்டபோது கோபத்தின் வசப்பட்டான் என்று வால்மீகி பகவான் பேசுகிறார். அடியார்க்கு வந்த துன்பம் பொறாத குணம் என்று அதை நம் ஆசார்யர்கள் கொண்டாடுவார்கள். இது மெய். ஆனால் அதே ராமாயணத்தில் அந்தத் திருவடியின் கோபத்தைப் பற்றிய ஓரிடத்தையும் சேர்த்து வாசிக்க வேண்டும்.

ஸுந்தர காண்டத்தில் இலங்கைக்குத் தீ வைத்து முடித்த அனுமன், கடற்கரையில் நின்று எரியும் நகரைத் திரும்பிப் பார்க்கிறார். அப்போது அவரை ஓர் அச்சம் பற்றுகிறது: ஊர் முழுவதும் எரிந்ததே, பிராட்டியும் அதில் எரிந்திருந்தால்? யாருக்காக இவ்வளவும் செய்தோமோ அவளையே இழந்துவிட்டோமோ என்று தம்மை நொந்துகொள்கிறார். நீரால் தீயை அவிப்பதுபோல எழுந்த கோபத்தை அறிவால் அவிப்பவர்களே மகாத்மாக்கள் என்றும், கோபம் வந்தவன் பேசத் தகாத சொல்லும் செய்யத் தகாத செயலும் இல்லை என்றும் எண்ணுகிறார். பிராட்டிக்குத் தீங்கில்லை என்று சாரணர் வாயிலாகக் கேட்ட பிறகே அவர் மனம் ஆறுகிறது. இந்தக் கடலுக்கு அக்கரையில் நடந்த வரலாறு இது. அவருடைய கோபம் முழுக்க முழுக்கப் பிறர்பொருட்டு எழுந்தது. அதில் சுயநலம் துளியும் இல்லை. அப்படிப்பட்ட கோபத்துக்கும், எதை எரிக்கிறோம், யாருக்காக எரிக்கிறோம் என்ற பகுத்தறிவு தப்பிப்போகும் கணம் உண்டு.

திருவடிக்கு அச்சத்தோடு நின்றது. நம் காலத்தில் அது நடந்தே விட்டது. தூத்துக்குடி நிகழ்ச்சிக்கு இரண்டு வாரம் முன்பு, 2018 மே 9 அன்று, திருவண்ணாமலை மாவட்டம் போளூர் அருகே ஒரு கிராமத்தில் முதிய பெண்மணி ஒருவர் அடித்துக் கொல்லப்பட்டார். குலதெய்வக் கோயிலைத் தரிசிக்கக் குடும்பத்தாரோடு சென்னையிலிருந்து வந்தவர் அவர். வழியில் குழந்தைகளுக்கு மிட்டாய் கொடுத்தார். பிள்ளை பிடிப்பவர்கள் நடமாடுவதாக வாட்ஸ்அப்பில் பரவியிருந்த வதந்தி, அந்த மிட்டாயைக் குற்றமாக்கிற்று. அடித்தவர்களின் கோபம் குழந்தைகளின்மேல் வைத்த அன்பிலிருந்து எழுந்ததுதான். ஒரு குழந்தையைக்கூட அது காப்பாற்றவில்லை. குழந்தையிடம் அன்பு காட்டிய ஒருவரைக் கொன்றது. அவ்வாண்டு இந்தியாவில் இத்தகைய கொலைகள் தொடர்ந்து நிகழ்ந்த பின்னரே, வந்த செய்தியை ஒரே நேரத்தில் ஐந்து உரையாடல்களுக்குமேல் முன்னனுப்ப இயலாதபடி வாட்ஸ்அப் நிறுவனம் ஜூலையில் வரம்பு விதித்தது.

கோபத்துக்கு வட்டி கொடுத்து வளர்க்கும் ஏற்பாடும் இங்கே உண்டு என்பதை அறிந்திருப்பது நல்லது. முகநூல் நிறுவனம் 2017 முதல், கோபக் குறி உள்ளிட்ட உணர்ச்சிக் குறிகளுக்கு, விருப்பக் குறியைப்போல் ஐந்து மடங்கு மதிப்புக் கொடுத்துச் செய்திகளை முன்னிறுத்தியது என்பது பின்னர் வெளியான அதன் உள் ஆவணங்களால் தெரியவந்தது. கோபக் குறியின் அந்த மதிப்பை 2020-இல்தான் பூஜ்யமாக்கினார்கள். நாம் கோபப்பட்ட செய்தி மேலும் பலர் கண்ணில் பட்டது, அவர்களும் கோபப்பட்டார்கள், முதல் பெருகியது. கீதையில் எம்பெருமான், விஷயத்தையே எண்ணிக்கொண்டிருப்பதில் தொடங்கி, பற்று, ஆசை, கோபம், மயக்கம், நினைவுத் தடுமாற்றம், புத்தி நாசம் என்று படிப்படியாக இறங்கும் வீழ்ச்சியைக் காட்டினான். ஒன்றையே திரும்பத் திரும்ப எண்ணவைப்பது இந்தக் கருவிகளின் தொழில். வீழ்ச்சியின் முதற்படியே அதுதான்.

அப்படியானால் என்ன செய்வது? இங்கு நம் ஸம்ப்ரதாயம் ஒரு நுட்பமான பாகுபாடு செய்கிறது. தனக்கு இழைக்கப்பட்ட தீங்கு வேறு, பிறருக்கு இழைக்கப்பட்ட தீங்கு வேறு.

தனக்குத் தீங்கு செய்தவரிடம் ஒரு ப்ரபந்நன் எப்படி இருக்க வேண்டும் என்று பிள்ளை லோகாசார்யர் ஸ்ரீவசனபூஷணத்தில் ஐந்து நிலைகளைக் காட்டுகிறார். அவற்றுக்கு மணவாள மாமுனிகளின் வ்யாக்யானத்தைத் தழுவி நாம் இவ்வாறு கொள்ளலாம். முதலாவது, பதிலுக்குப் பதில் செய்யாத பொறுமை. இரண்டாவது, இந்தப் பாவத்தின் பலனை இவர் அனுபவிக்க நேருமே என்ற இரக்கம். மூன்றாவது, அழியும் பொருளையும் பெயரையும் கெடுத்துவிட்டு நம்மையே கெடுத்ததாக இவர் எண்ணுகிறாரே என்ற சிரிப்பு. நான்காவது, நம் அகங்காரத்துக்குத் தீனியாக இருந்தவற்றை இவர் குறைத்தாரே என்ற மகிழ்ச்சி. ஐந்தாவது, நம் குறைகளை நமக்கு நினைவூட்டினாரே என்ற நன்றி. முகமறியாத ஒருவர் நம் பதிவின் கீழே வசைபாடிச் சென்றால், இவ்வைந்தில் முதல் படியையாவது எட்டலாம். ஐந்தாவது படியில் நின்றவர் கூரத்தாழ்வான். தம் திருக்கண்கள் போகக் காரணமாயிருந்த நாலூரானுக்கும் தமக்குக் கிடைக்கும் பேறே கிடைக்க வேண்டும் என்று காஞ்சிப் பேரருளாளனிடம் வேண்டிப் பெற்றவர் அவர்.

ஆனால் கவனிக்க வேண்டும்: ஆழ்வான் மன்னித்தது தம் கண்களுக்காக. பிறர் கண்களுக்காக அவர் மன்னிக்கவில்லை. எம்பெருமானும் தனக்குச் செய்த அபசாரத்தைப் பொறுப்பான், தன் அடியார்க்குச் செய்ததைப் பொறுக்கமாட்டான் என்பது நம் ஸித்தாந்தம். மகனை இழந்த தாயிடம் சென்று, ‘பொறுமை உயர்ந்தது அம்மா’ என்று உபதேசிப்பவன் ஸ்ரீவசனபூஷணத்தைத் தவறாகப் படித்தவன். நமக்கு வந்த அவமதிப்புக்கு ‘ஐயோ’ என்று கூச்சலிட்டு, பிறருக்கு வந்த ஆபத்தில் பொறுமை பேசுவதே இன்று நாம் அதிகம் காணும் தலைகீழ் நிலை.

பிறருக்கு வந்த தீங்கைப் பொறுக்காமை எந்த வடிவம் எடுக்க வேண்டும்? துப்பாக்கிச் சூட்டை விசாரிக்க அமைந்த ஓய்வுபெற்ற நீதிபதி அருணா ஜெகதீசன் ஆணையத்தின் முன், பாதிக்கப்பட்டவர்களும் கண்டவர்களும் வந்து சாட்சி சொன்னார்கள். விசாரணை ஆண்டுக்கணக்கில் நீண்டது. அறிக்கை 2022 அக்டோபரில் சட்டமன்றத்தில் வைக்கப்பட்டது. அது காவல்துறை அதிகாரிகள் பலர்மீது குற்றம் கண்டது. ஆலை நிறுவனத்தின் மேல்முறையீட்டை உச்ச நீதிமன்றம் தள்ளுபடி செய்தது 2024 பிப்ரவரி 29-இல். ஒரு மே மாதத்துக் கோபம் ஆறாண்டுகள் அணையாமலும், யாரையும் எரிக்காமலும் இருக்க வேண்டியிருந்தது. அழைப்பாணை வந்த நாளில் சென்று, கேட்ட கேள்விக்குக் கண்டதைக் கண்டபடி சொன்ன ஒருவரின் கோபமும், ஓர் இரவில் நூறு வசைகளை எழுதி மறுவாரம் வேறொரு பொருளுக்குத் தாவியவரின் கோபமும் ஒன்றல்ல. முன்னதன் கண் துன்புற்றவர்மேல் இருந்தது. பின்னதன் கண் எதிராளிமேல் இருந்தது.

இங்கு ஓர் ஆக்ஷேபம் எழலாம். மனிதர்க்கு வந்தது இருக்கட்டும். எம்பெருமானையும் ஆழ்வார்களையும் பழித்தால்? 2018 ஜனவரியில், மார்கழி முடிவதற்கு முன்பே, ஆண்டாள் நாச்சியாரைப் பற்றிக் கவிஞர் வைரமுத்து ஆற்றிய உரையும் அதன் அச்சு வடிவமும் பெரும் கொந்தளிப்பை எழுப்பின. அவர் பின்னர் வருத்தம் தெரிவித்தார். நாச்சியாரை ஒருவர் தாழ்த்திப் பேசினால் நெஞ்சு புண்படாதவன் அடியவனாக இருக்க முடியாது. அதில் ஐயமில்லை. ஆனால் அவ்வாரங்களில் நாச்சியாரின் பெயரால் எழுதப்பட்ட சில சொற்களை அவள் சந்நிதியில் நின்று உரக்க வாசிக்க நம்மில் யாருக்கேனும் துணிவு வருமா? திருப்பாவை சொன்ன வாய்தானா அது?

இவ்வகைச் சொற்களுக்கு ஆதரவாகத் திருமாலையின் எட்டாம் பாசுரத்தைக் காட்டுவோர் உண்டு. நிந்திப்பவர்களைக் குறித்துத் தொண்டரடிப்பொடியாழ்வார் கடுமையாகப் பேசும் இடம் அது. ஆனால் அந்தக் கடுமை முழுவதும் அரங்கனை விளித்துச் சொல்லப்பட்டது. நிந்திப்பவனின் முகத்தில் வீசப்பட்டதன்று. அதே திருமாலையில் பின்வரும் பாசுரங்கள் பலவற்றில், தம்மிடம் ஒரு நன்மையும் இல்லை என்று தம் குற்றங்களையே ஆழ்வார் எண்ணி எண்ணிக் கரைகிறார். ஒரு பாசுரத்தை எடுத்துக்கொண்டு மற்றவற்றை விடுவது, பற்றுப் பக்கத்தை மட்டும் காட்டி இருப்பைக் கணக்கிடுவது போன்றது.

எம்பெருமானுக்கு என்ன நேருமோ என்ற அச்சம் நமக்கு உண்மையாகவே இருக்குமானால், அதற்கும் வழிகாட்டி பெரியாழ்வாரே. மதுரையில் யானைமேல் எழுந்தருளிய நிலையில், கருடாரூடனாக எம்பெருமானை வெட்டவெளியில் கண்டபோது, யார் கண் படுமோ, என்ன தீங்கு வருமோ என்று அவர் பதறினார். அப்பதற்றம் யாரையும் சபிப்பதாக வெளிப்படவில்லை. எம்பெருமானுக்கே பல்லாண்டு பாடுவதாக வெளிப்பட்டது. நாச்சியாரை இகழும் பதிவுக்கு மறுமொழியாக ஒரு பாசுரத்தின் பொருளை நான்கு வரியில் தெளிவாக எழுதினால், இகழ்ந்தவர் மாறாவிட்டாலும், படிக்கும் பத்துப் பேரில் ஒருவர் நாச்சியாரிடம் ஈடுபடக்கூடும். நம் ஸம்ப்ரதாயத்துக்குள்ளேயே கலைபேதத்தின் பேரால் கோயில் வாசலில் நடக்கும் பூசல்களைப் படம்பிடித்துப் பரப்புவோரும் இதைச் சிந்திக்கலாம். அதைப் பார்க்கும் வெளியார் எந்தக் கலை வென்றது என்று கேட்பதில்லை.

நடைமுறைக்கு ஒரு சிறு உபாயம். வங்கியில் ஒரு தொகை வந்து, அது யாருடையது, எதற்காக வந்தது என்று உடனே தெரியாவிட்டால், அதை எவர் கணக்கிலும் வரவு வைக்கமாட்டோம், திருப்பியும் அனுப்பமாட்டோம். சஸ்பென்ஸ் கணக்கில் நிறுத்தி வைத்து, விசாரித்து, உரிய கணக்குக்கு மாற்றுவோம். கோபமூட்டும் செய்தி வந்தவுடன் அதை ஒருவர் பெயரில் பற்று எழுதாமல், ஒரு பொழுது நிறுத்தி வைக்கலாம். அதற்குள் இரண்டைக் கேட்டுக்கொள்ள வேண்டும். இது மெய்யா? இதை நான் பகிர்வதால் துன்புற்றவருக்கு ஏதேனும் சென்று சேருமா, அல்லது என் கோபத்துக்கு மட்டும் தீனியா? சஸ்பென்ஸ் கணக்கில் நெடுநாள் கிடக்கும் பதிவுகளைத் தணிக்கையாளர் விடமாட்டார். அதுபோல, விசாரித்து உண்மை என்று கண்ட பிறகு வாளாவிருப்பதும் சரியன்று. கொடுக்க வேண்டிய உதவியைக் கொடுக்க வேண்டும், சொல்ல வேண்டிய சொல்லைப் பெயரிட்டுப் பொறுப்போடு சொல்ல வேண்டும்.

இந்த நிதானம் எங்கிருந்து வரும்? ஆழ்வார் என்ற சொல்லுக்கே பகவத் குணங்களில் ஆழ்ந்தவர் என்பது பொருள். இந்தக் கடற்கரையில் 1961 வரை நடந்த முத்துக்குளிப்பில், கடலடிப் பாறைத் திட்டுகளான ‘பார்’களுக்குக் குளியாளர் இறங்கும்போது, கயிற்றில் கட்டிய ஒரு கல்லின் கனத்தால்தான் இறங்கினார். கல் இல்லாதவன் நீர்மட்டத்தில் அலையோடு அலையாக அலைக்கழிவான். இறங்கியவரும் அங்கேயே தங்கிவிடவில்லை. சிறிது நேரத்தில் கூடையோடு மேலே வந்து, அதே அலைகளின் நடுவே படகில் ஏறினார். காலையில் கைப்பேசியைத் திறக்குமுன் செய்யும் அநுஸந்தானம் அப்படியொரு கனம். பத்துப் பாசுரம் போதும், பொருளோடு சொன்னால். உலகை விட்டு ஓட அது வேண்டுவதில்லை, உலகுக்குள் திரும்பி வரும்போது நெஞ்சில் ‘ஐயோ’ என்ற சொல் காயாமல் இருப்பதற்கே வேண்டும்.

இரவில் படுக்குமுன், அன்று நமக்குக் கோபமூட்டியவர்களில் ஒருவரை நினைத்துப் பார்க்கலாம். அவர் வீட்டில் நாளை ஒரு துக்கம் நேர்ந்தால் நம் நெஞ்சில் முதலில் எழும் சொல் எது? அது ‘ஐயோ’ ஆக இருக்குமானால், அன்று நாம் கோபப்பட்டதில் பெரிய குற்றமில்லை. வேறாக இருந்தால், அதை யாரிடமும் சொல்ல வேண்டியதில்லை. ஆசார்யன் திருவடிகளில் விண்ணப்பித்துக்கொண்டு படுத்தால் போதும்.

ஆழ்வார் எம்பெருமானார் ஜீயர் திருவடிகளே சரணம்.

அடியேன் ராமாநுஜ தாஸன்